கரும்பலகையில் ஒரு வீட்டுக் கடன்

என் கணவர் கணக்கில் புலி. இது நான் சொல்வதல்ல, அவரே சொல்லிக்கொள்வது. மூங்கில்துறைப்பட்டு சர்க்கரை ஆலையில் கரும்புப் பிரிவில் குமாஸ்தாவாக இருந்தார். டிராக்டரிலும் மாட்டு வண்டியிலும் வந்து இறங்கும் கரும்பின் எடைச் சீட்டை வைத்துக்கொண்டு, எந்த விவசாயிக்கு எவ்வளவு பணம், அதில் உரக்கடன் எவ்வளவு பிடிக்க வேண்டும், மீதி கையில் எவ்வளவு கொடுக்க வேண்டும் என்று பேரேட்டில் எழுதுவார். பத்து வருஷ வேலையில் ஒரு பைசா தப்பியதில்லை என்று பெண் பார்க்க வந்த அன்றே என் அப்பாவிடம் சொன்னார். வடக்கனந்தலில் நெல்லும் கரும்பும் வைத்துப் பாதி வாழ்நாளைக் கடனிலேயே கழித்த என் அப்பாவுக்கு அந்த ஒரு வார்த்தை போதுமாயிருந்தது.

எனக்குக் கணக்கு வராது. நான் தமிழ் டீச்சர். கல்வராயன் மலையில், வெள்ளிமலையில் ஒரு உண்டு உறைவிடப் பள்ளியில் வேலை. இலவசக் குடியிருப்பு என்று ஒரு அறையும் ஒரு அடுப்படியும் கொடுத்திருந்தார்கள். மலைப்படி என்று சம்பளத்தோடு கொஞ்சம் கூடுதலாக வரும். கணக்கு வராதே தவிர, கோபம் நன்றாக வரும். மூக்கின் மேல் என்பார்களே, எனக்கு மூக்கு வரைக்கும்கூட அது காத்திருப்பதில்லை. இதைப் பெண் பார்க்க வந்த அன்று யாரும் சொல்லவில்லை.

வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார் என்பது பழமொழி. நாங்கள் கல்யாணத்தை முதலில் பண்ணிப் பார்த்தோம். ஒரு வருஷம்கூட முடியவில்லை, கள்ளக்குறிச்சியில் மனை வாங்கி வீடு கட்ட ஆரம்பித்துவிட்டார். வீட்டுவசதிச் சங்கத்தில் அறுபதாயிரம் ரூபாய் கடன். பதினைந்து வருஷத் தவணை. மாதம் எழுநூற்று இருபது ரூபாய். சங்கம் ஒரு பாத்திரக்கடைக்கு மேலே மாடியில் இருந்தது. கீழே யாரோ குடம் தட்டிப் பார்த்து வாங்கும் சத்தத்துக்கு நடுவே நான் பதினாலு இடத்தில் கையெழுத்துப் போட்டேன். ஒரு இடத்தில்கூட என்ன எழுதியிருக்கிறது என்று படிக்கவில்லை. நாள் முழுக்கப் பிள்ளைகளிடம் "படி, படி" என்று கத்துகிற வாய் அன்றைக்கு ஏன் மூடிக்கொண்டது என்று தெரியவில்லை.

வீடு நன்றாகவே அமைந்தது. இரண்டு அறை, கூடம், பின்னால் கிணறு. ஆனால் குடியிருக்கத்தான் ஆள் இல்லை. நான் மலையில். அவர் ஆலையில், அரவைக் காலம் என்றால் மூங்கில்துறைப்பட்டிலேயே ஒரு நண்பரோடு தங்கிவிடுவார். வாரத்துக்கு ஒரு தடவை அவர் மலைக்கு வருவார், இல்லையென்றால் நான் இறங்குவேன். புது வீட்டில் பெரும்பாலும் பல்லிதான் குடித்தனம் நடத்தியது. அதற்கும் சேர்த்து நாங்கள் தவணை கட்டினோம்.

"கடன் முடியட்டும்" என்பது அவருடைய மந்திரம். கடன் முடியட்டும், கீழே மாற்றல் வாங்கிக்கொள்ளலாம். கடன் முடியட்டும், குழந்தை பெற்றுக்கொள்ளலாம். அந்தக் குழந்தைக்கு மாடியில் ஒரு மச்சு அறை கட்ட வேண்டும் என்று நான் தபால் ஆபீசில் மலைப்படிப் பணத்தைச் சேர்த்துக்கொண்டு வந்தேன். கல்யாணமாகி நாலு வருஷம் ஆகிவிட்டது. நைனார்பாளையத்தில் அவர் சொந்தக்காரர்கள் வீட்டு விசேஷத்துக்குப் போனால், இலை போடுவதற்கு முன்னாலேயே என் வயிற்றைப் பார்ப்பார்கள். "இன்னா, விசேஷம் உண்டா?" என்பார்கள். "சாம்பார் வருது, பொறுங்க" என்று சொல்லிவிட்டுச் சாப்பிடுவேன். வெளியே அப்படிச் சொன்னாலும் உள்ளே வலித்தது. குழந்தை வேண்டும் என்று எனக்கு ஆசை இருந்தது. பசி மாதிரி, அத்தனை வெளிப்படையான ஆசை.

அவரிடம் கேட்டால் நீல அட்டை போட்ட ஒரு நோட்டை எடுப்பார். ஆலையில் ஒவ்வொரு விவசாயிக்கும் ஒரு பக்கம் திறப்பது போல எங்கள் வீட்டுக்கும் அதில் ஒரு பக்கம் திறந்திருந்தார். மேலே அறுபதாயிரம். ஒவ்வொரு மாதமும் எழுநூற்று இருபது கழித்து அடிக்கோடு போட்டு மீதி எழுதுவார். கரும்புக் கடனில் அப்படித்தான். விதைக் கரும்புக்கும் உரத்துக்கும் வாங்கினால், கரும்பு வெட்டி வந்ததும் பிடித்த பணமெல்லாம் கடனில் கழியும். வட்டி என்று ஒன்று உண்டு. ஒரு பட்டத்துக்கு, அதாவது ஒரு சாகுபடிக் காலத்துக்கு உரியது, சின்னத் தொகை, கடைசியில் ஒரே பிடியாகப் பிடித்துவிடுவார்கள். வீட்டுக் கடனும் நீளமான ஒரு கரும்புப் பட்டம் என்றே அவர் மனதில் பதிந்துவிட்டது. வாழ்நாளில் அவர் பார்த்த கடனெல்லாம் பத்து, பன்னிரண்டு மாதத்தில் வெட்டுக்கு வந்த கடன்தான். "பதினஞ்சு வருசம்னு சங்கத்துல சும்மா போட்டு வச்சிருக்காங்க. நம்ம வேகத்துக்கு ஏழே வருசத்துல முடிஞ்சிடும். வட்டிய கடைசியில பாத்துக்கலாம்" என்பார். நோட்டுப்படி மூன்று வருஷம் முடிந்தபோது மீதி முப்பத்து நாலாயிரத்து எண்பது. இன்னும் நாற்பத்தேழு தவணை, கொஞ்சம் சில்லறை. நாலு வருஷம். எனக்கு அப்போது இருபத்தொன்பது வயது. முப்பத்து மூன்றில் குழந்தை என்று நான் மனதைத் தேற்றி வைத்திருந்தேன்.

அந்தச் சமயத்தில்தான் இட ஒதுக்கீடு கேட்டு மறியல் நடந்தது. காலாண்டுத் தேர்வு முடிந்து பிள்ளைகள் அவரவர் ஊருக்குப் போய்விட்டார்கள். சனிக்கிழமை அவர் மலைக்கு வந்தார். திங்கட்கிழமை காலை முதல் பஸ்ஸில் இறங்கி, நேராகச் சங்கத்துக்குப் போய்த் தவணையைக் கட்டிவிட்டு ஆலைக்குப் போவதாகத் திட்டம். அதற்காகச் சங்கத்துப் பாஸ்புக்கையும் பையில் வைத்திருந்தார். திங்கட்கிழமை பஸ் வரவில்லை. கீழே கச்சிராயபாளையம் பக்கமிருந்து நடந்தே மலையேறி வந்த ஒரு கடைக்காரர்தான் சேதி சொன்னார்.

"ரோடெல்லாம் புளியமரத்த வெட்டிப் போட்டிருக்காங்க. பஸ்ஸு, லாரி ஒண்ணும் போவல. ஒரு வாரம்னு பேசிக்கினு இருக்காங்க."

கேட்டது நியாயம் என்றும், இப்படியா கேட்பது என்றும் கீழே ஊர் இரண்டாகப் பேசிக்கொண்டிருந்தது. சில ஊர்களில் உயிர்களும் போயின, குடிசைகளும் எரிந்தன. அதெல்லாம் மலைக்கு ரேடியோவில் அரைகுறையாகவும், பிறகு முழுதாகவும் வந்து சேர்ந்தது. பலருக்குக் கெட்ட வாரமாக இருந்த அந்த வாரம் எங்கள் இரண்டு பேருக்கும் நல்ல வாரமாக அமைந்ததைச் சொல்ல இன்றைக்கும் எனக்குக் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது. ஆனால் நடந்தது அதுதான்.

முதல் இரண்டு நாள் அவர் கூண்டில் அடைத்தது போல நடந்தார். ரோட்டு வளைவு வரை போய்ப் பஸ் வருகிறதா என்று பார்ப்பது, திரும்பி வருவது. தவணை நாள் தப்பிவிட்டது என்பதுதான் அவர் கவலை. அத்தனை வருஷத்தில் ஒரு பைசா தப்பாத மனிதருக்கு ஒரு தேதி தப்பியதைத் தாங்க முடியவில்லை.

"அபராத வட்டி போட்டுடுவாங்க. எவ்ளோன்னு தெரியல."

"தெரியலன்னா அந்தப் புக்குல போட்டிருப்பாங்க. குடுங்க, பாக்கறேன்."

"உனக்கு அதெல்லாம் புரியாது."

அந்த வார்த்தையை அவர் சொல்லாமல் இருந்திருந்தால் நான் பாஸ்புக்கைத் திறந்திருக்கவே மாட்டேன். பையிலிருந்து பிடுங்கி வாசல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோனேன். அபராதத்தைப் பற்றி ஒன்றும் கிடைக்கவில்லை. ஆனால் பக்கம் நிறையக் கட்டங்கள் இருந்தன. கட்டிய தொகை, வட்டி, அசல், நிலுவை. கடைசி வரியில் நிலுவை என்ற இடத்தில் 54,831 என்று எழுதியிருந்தது.

"இன்னாங்க இது? நோட்டுல முப்பத்தி நாலாயிரம்னு இருக்குது. இதுல அம்பத்தி நாலாயிரத்துச் சொச்சம்னு இருக்குது?"

அவர் எட்டிப் பார்த்தார். மூன்று வருஷமாக அந்தப் புத்தகத்தில் முத்திரை விழுந்திருக்கிறதா என்று மட்டும்தான் பார்த்திருக்கிறார் என்பது அவர் முகத்திலேயே தெரிந்தது.

"மூணு போடற எடத்துல அஞ்சு போட்டுட்டான். எழுதறவனுக்குக் கவனம் இல்ல."

"முன்னாடி மாசத்துலயும் அஞ்சு. அதுக்கு முன்னாடியும் அஞ்சு. முப்பத்தாறு மாசமும் தூங்கிக்கினா எழுதுனான்?"

"நீ சும்மா இரு. நான் போட்டுக் காட்டறேன்."

போட்டுக்காட்டக் காகிதம் பத்தாது என்று வகுப்பறையைத் திறந்தோம். காலியான வகுப்பில் கரும்பலகை சுத்தமாக இருந்தது. அவர் சட்டைக் கையை மடித்துவிட்டுச் சுண்ணாம்புக்கட்டியை எடுத்தார். சங்கத்தின் தப்பைக் கண்டுபிடிக்கப் போகிற மிடுக்கு. நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய் வட்டி. அறுபதாயிரத்துக்கு முதல் மாத வட்டி அறுநூறு. கட்டுவது எழுநூற்று இருபது. ஆக, அசலில் கழிவது நூற்று இருபது. எழுதிவிட்டு ஒரு நிமிஷம் நின்றார்.

"நூத்தி இருபதுதானா?" என்றேன் பின்னாலிருந்து.

"இரு. அடுத்த மாசம் பாக்கலாம்."

அடுத்த மாதம் அசலில் நூற்று இருபத்தொரு ரூபாய் இருபது பைசா. அதற்கடுத்த மாதம் நூற்று இருபத்திரண்டு ரூபாய் நாற்பத்தொரு பைசா. மிடுக்கு கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. அசலில் கழிவது மாதம் ஒன்றேகால் ரூபாய் வீதம்தான் கூடிக்கொண்டு போனது. பலகை நிறைந்ததும் பக்கத்து வகுப்புப் பலகைக்குப் போனோம். சாயங்காலம் முப்பத்தாறாவது வரியில் மீதி 54,830 ரூபாய் 77 பைசா வந்தது. சங்கத்தில் பைசாவை மட்டும் முழு ரூபாயாக்கி எழுதியிருந்தார்கள். வேறு ஒரு தப்பும் இல்லை.

மூன்று வருஷத்தில் நாங்கள் கட்டியது இருபத்தைந்தாயிரத்துத் தொள்ளாயிரத்து இருபது. அதில் வீட்டுக்குப் போனது ஐயாயிரத்துச் சொச்சம். மற்றதெல்லாம் வட்டி. உழுதவன் கணக்குப் பார்த்தால் உழக்குகூட மிஞ்சாது என்று என் அப்பா சொல்வார். எங்களுக்குக் கிணறும் கால் சுவரும் மிஞ்சியிருந்தன.

அவர் முதல் பெஞ்சியில், மூன்றாம் வகுப்புப் பிள்ளைகள் உட்காரும் குட்டைப் பெஞ்சியில், முழங்கால் தாடையில் இடிக்க உட்கார்ந்துவிட்டார். கையெல்லாம் வெள்ளை. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கோபம் வர வேண்டிய இடத்தில் எனக்குச் சிரிப்பு வந்தது அந்த ஒரு தடவைதான். அவரும் கொஞ்ச நேரம் கழித்துச் சிரித்தார்.

கோபம் மறுநாள் வந்தது. ஆரம்பித்ததை முடிக்காமல் விட அவரால் முடியாது. ஆலை இல்லை, பஸ் இல்லை, என்ன செய்வார்? காலையில் எழுந்ததும் முப்பத்தேழாவது வரியில் ஆரம்பித்துவிட்டார். நான் பெருக்கிச் சொல்லச்சொல்ல இவர் எழுதுவார். இடையில் நான் போய்ச் சாமைச் சோறு வடித்துவிட்டு வருவேன். அரிசி தீர்ந்துபோயிருந்தது. பள்ளிக்கூடத்துச் சமையல்காரம்மா, என் வயதுதான் அவளுக்கும், மரவள்ளிக் கிழங்கு கொண்டுவந்து வைத்துவிட்டு வகுப்பறை வாசலில் நின்று பார்த்தாள். நாலு பலகையில் எண்கள்.

"இன்னா டீச்சர், சாரு படிக்க வந்துட்டாரா?"

விஷயத்தைச் சொன்னேன். அவள் தலையைச் சாய்த்துக் கேட்டாள்.

"எங்க வூடு கட்ட பத்து நாளு ஆச்சு டீச்சர். எல்லாரும் வந்து கை குடுத்தாங்க. சோறு போட்டோம், முடிஞ்சிச்சி. ஒங்க வூட்டுல இப்ப யாரு இருக்காங்க?"

"யாரும் இல்ல. பூட்டிக் கெடக்குது."

"பூட்டிக் கெடந்தாலும் வட்டி ஓடுமா?"

ஓடும். அவர் உடனே போட்டுப் பார்த்தார். ஒரு நாளைக்குப் பதினெட்டு ரூபாய். பல்லி ஒரு நாளைக்குப் பதினெட்டு ரூபாய் வாடகையில் கள்ளக்குறிச்சியில் இருக்கிறது என்று நான் சொல்ல, சமையல்காரம்மா வாயைப் பொத்திக்கொண்டு போனாள். மறுநாள் மலை முழுக்க அந்தப் பல்லிக் கதை பரவியிருந்தது.

நூற்றுப் பன்னிரண்டாவது தவணையில்தான் வட்டியும் அசலும் சரிபாதியாகின்றன. ஒன்பது வருஷம் கழித்து! அதைக் கண்டுபிடித்தபோது அவர் ஒரு புதிய ஊரைக் கண்டுபிடித்தவர் போலக் கூப்பிட்டுக் காட்டினார். முந்தின நாள் வரிகளை அழித்து இடம் பண்ணிக்கொண்டு, இரண்டாம் நாள் மத்தியானம் நூற்று எண்பதுக்கு வந்தோம். மொத்தம் ஒரு லட்சத்து இருபத்தொன்பதாயிரத்து அறுநூறு. ஒரு வீட்டைக் கட்டி இரண்டு வீட்டுக்கும் மேலே பணம்.

"முடிஞ்சிச்சி" என்று கோடு கிழித்தார்.

எனக்கு அப்போதுதான் உறைத்தது. இன்னும் நூற்று நாற்பத்து நாலு தவணை. நாலு வருஷமில்லை, பன்னிரண்டு வருஷம். சுண்ணாம்புக்கட்டியை அவர் கையிலிருந்து வாங்கினேன். முப்பத்தேழாவது வரிக்கு நேராக இருபத்தொன்பது என்று எழுதினேன். நூற்று எண்பதாவது வரிக்கு நேராக நாற்பத்தொன்று என்று எழுதினேன்.

"இது இன்னா கணக்கு?"

"என் வயசு."

அவர் கையில் ஒட்டிய சுண்ணாம்பைத் தட்டினார்.

"கடன் முடியட்டும், கடன் முடியட்டும்னு சொல்லிக்கினு இருக்கீங்களே. நாப்பத்தொரு வயசுல நான் புள்ள பெத்தா, அது காலேஜ் போவும்போது நான் ரிட்டயராயிடுவேன். அதுவும் பொறந்தாத்தான். எந்தச் சங்கத்துலங்க எனக்குக் கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்காங்க?"

"இப்ப இதுக்கு இன்னா பண்றது, கடன் வாங்கியாச்சு..."

டஸ்டரை எறிந்தேன். அவர் மேல் படவில்லை. நான் குறிபார்க்கவும் இல்லை. சுவரில் பட்டு ஒரு வெள்ளைப் புகை கிளம்பியது. பிறகு நான் அழுதேன். வெளியே மழை தூறிக்கொண்டிருந்தது. வகுப்பறையில் நாங்கள் இரண்டு பேரும் ஆளுக்கொரு பெஞ்சியில் உட்கார்ந்திருந்தோம், சண்டை போட்டதற்காகப் பிரித்து உட்காரவைத்த பிள்ளைகள் போல.

கொஞ்ச நேரம் கழித்து அவர் எழுந்தார். டஸ்டரை எடுத்து வந்து பலகைகளை அழித்தார். ஆனால் என் வயதை எழுதிய இரண்டு இடத்தை மட்டும் தொடவில்லை.

"அந்தத் தபால் ஆபீஸ் பணம் எவ்ளோ சேந்திருக்குது?"

"பத்தாயிரம். மச்சுக்கு."

"அத ஒரே அடியா அசல்ல கட்டுனா இன்னா ஆவும்னு பாக்கறேன்."

மறுபடியும் வரிவரியாகப் போட்டார். நாற்பத்து நாலாயிரத்து எண்ணூற்று முப்பதில் ஆரம்பித்து, அதே எழுநூற்று இருபதைக் கட்டிக்கொண்டு போனால் தொண்ணூற்றெட்டாவது மாதத்தில் கடன் தீர்ந்துபோகிறது. நூற்று நாற்பத்து நாலுக்குப் பதில் தொண்ணூற்றெட்டு. நாற்பத்தாறு மாதம் மிச்சம். பத்தாயிரத்தை இன்றைக்குக் கட்டினால் முப்பத்து மூவாயிரத்துச் சொச்சம் கட்ட வேண்டாம். அவர் இரண்டாம் தடவையும் சரிபார்த்துவிட்டுப் புருவத்தைத் துடைத்துக்கொண்டார். புருவமும் வெள்ளையானது.

"மச்சு இல்லாம போயிடும்" என்றார்.

"மச்சு யாருக்கு?"

"புள்ளைக்கு."

"புள்ள எங்க?"

கரும்புப் பிரிவின் புலி சுண்ணாம்புக்கட்டியை வைத்துவிட்டுக் கை கழுவப் போனது. ராத்திரி சாப்பிடும்போது, "எட்டு வருசமும் காத்துக்கினு இருக்க வேணாம். கடன் பாட்டுக்குக் கடன் இருக்கட்டும்" என்று இலையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். அந்த மந்திரத்தை அதற்குப் பிறகு அவர் வாயிலிருந்து நான் கேட்கவில்லை.

எட்டு நாள் மலையில் இருந்தார். கல்யாணமானதிலிருந்து நாங்கள் சேர்ந்தாற்போல் எட்டு நாள் ஒரே கூரையின் கீழ் இருந்தது அதுவே முதல் தடவை. ஒரு அறை, ஒரு அடுப்படி, ஒழுகும் ஒரு மூலை. அறுபதாயிரம் ரூபாய் வீட்டில் இல்லாத சந்தோஷம் அங்கே இருந்தது. இதை எழுதும்போது வெட்கமாயிருக்கிறது, இருக்கட்டும்.

மரங்களை அப்புறப்படுத்தி பஸ் விட்டதும் இரண்டு பேரும் ஒன்றாகவே இறங்கினோம். சங்கமே ஒரு வாரம் பூட்டிக் கிடந்ததால் அபராதம் யாருக்கும் இல்லை. முன்கூட்டி அசல் கட்ட வேண்டும் என்று சொன்னதும் செயலாளர் எங்களை மேலும் கீழும் பார்த்தார்.

"லாட்டரி எதாவது வுழுந்துச்சுங்களா?"

"இல்லீங்க. கணக்குப் போட்டுப் பாத்தோம்" என்றார் இவர்.

"கணக்குப் போட்டுப் பாத்து இங்க வந்து கட்றவங்கள நான் பாத்ததில்லீங்க." ஆனாலும் மரியாதையாக விண்ணப்பத் தாளை எடுத்துக் கொடுத்தார். "ஒண்ணு சொல்லிடுங்க. மாசத் தவணையக் கம்மி பண்ணட்டுமா, வருசத்தக் கம்மி பண்ணட்டுமா? தவணையக் கம்மி பண்ணா மாசம் நூத்தி முப்பது ரூபா கையில நிக்கும்."

கையில நிக்கும் என்ற சொல்லைக் கேட்டதும் என் கணவர் முகம் மலர்ந்தது. ஆலையில் விவசாயிகள் கடைசியாகக் கேட்பதும் அந்தச் சொல்லைத்தான்: பிடித்தம் போக கையில் எவ்வளவு? அவர் வாயைத் திறந்தார். மேசைக்கு அடியில் அவர் காலை நான் மிதித்தேன். செருப்போடு.

"வருசத்தக் கம்மி பண்ணுங்க" என்றேன் நான்.

வெளியே வந்து படியிறங்கும்போது நொண்டிக்கொண்டே, "நானும் அதத்தான் சொல்ல வந்தேன்" என்றார்.

கடன் தீர்ந்த கதை சின்னது, முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். எட்டு வருஷமும் இரண்டு மாதமும் கட்டினோம். கடைசித் தவணை அன்று பழுப்பு உறையில் போட்டுக் கட்டிய பத்திரத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். ஏழு வயது மகளும் கூட வந்திருந்தாள். "இப்ப வூடு நம்மளுதா?" என்று கேட்டாள். ஆமாம் என்றோம். "அப்ப இவ்ளோ நாளா நாம யாரு வூட்டுல இருந்தோம்?" என்று கேட்டாள். சங்கமே சிரித்தது. மச்சு இன்றுவரை கட்டவில்லை. மொட்டைமாடியில் துணி காய்கிறது.

மகள் அந்த மறியலுக்கு அடுத்த ஆடியில் பிறந்தாள். நான் கீழே மாற்றல் வாங்கிக்கொண்டேன். மலைப்படி போயிற்று. கை சுருங்கியது. மாதக் கடைசியில் ரசமும் அப்பளமும்தான். ஆனால் வீட்டில் ஆள் இருந்தது, சத்தம் இருந்தது, பல்லி பரணுக்குப் போய்விட்டது.

அவளுக்கு ஒன்றரை வயதாகும்போது எனக்கு உடம்பு முடியாமல் போனது. உதிரப்போக்கு நிற்கவே இல்லை. சேலத்துக்குக் கொண்டுபோனார்கள். கர்ப்பப்பையில் கட்டி, வளர்ந்துவிட்டது, எடுத்தே ஆக வேண்டும் என்றார் டாக்டரம்மா. எத்தனை குழந்தை என்று கேட்டார். ஒரு பொண்ணு என்றேன். "அது வரைக்கும் நல்லது. இன்னும் தள்ளிப் போட்டிருந்தா இதுவும் இருந்திருக்காது" என்று சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போனார். அவர் தினமும் சொல்கிற வார்த்தையாக இருக்கலாம். இவர் மகளைத் தோளில் போட்டுக்கொண்டு என் கால்மாட்டில் நின்று அதைக் கேட்டார்.

ஆபரேஷன் முடிந்து நான் கண் விழித்தபோது ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். மகள் அவர் மேல் தூங்கிக்கொண்டிருந்தாள். அவர் கண் சிவந்திருந்தது.

"இன்னாங்க?" என்றேன்.

"ஒண்ணுமில்ல. அந்த நோட்ட நெனச்சிக்கினு இருந்தேன்."

"எந்த நோட்டு?"

"நீல நோட்டு. அது தப்புன்னு கண்டுபிடிச்சோமே. தப்பாவே இல்லாம, நான் போட்டது சரியாவே இருந்திருந்தா?" மகளின் தலையைத் தடவினார். "சரியாவே இருந்திருந்தாலும் இன்னிக்கி இன்னும் பத்தொம்பது தவணை பாக்கி இருந்திருக்கும்மா. இவளத் தள்ளிப் போட்டுக்கினேதான் இருந்திருப்பேன்."

இந்த மனிதரைத் திட்டுவதற்கு என்னிடம் எப்போதும் ஏதாவது இருக்கும். அன்றைக்கு ஒன்றும் இல்லை. மகளை என் பக்கத்தில் படுக்க வைக்கச் சொன்னேன்.